மெட்டமைத்தவர் யார்?

அண்மையில் மலாக்காவில், ஜாசின் பக்கத்துத் தோட்டப் பள்ளியொன்றின் ஆண்டு விழாவைக் காணும் வாய்ப்பு நமக்குக் கிட்டியது. பத்து வயதும் நிரம்பாத சிறுமி ஒருத்தி மேடையேறிச் 'சின்னஞ்சிறு கிளியே' பாடினாள். சுருதி சிறிதும் பிசகவில்லை. முன் வரிசையில் அமர்ந்திருந்த பாட்டிமார் சிலர் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டனர். விழா முடிந்தபின் அச்சிறுமியை அருகழைத்து, "இது யார் பாட்டு, அம்மா?" என்று வினவினோம். "பாரதியார் பாட்டுங்க, ஐயா," என்றாள் தயக்கமின்றி. "மெட்டு அமைத்தவர்?" என்றோம். அவள் விழித்தாள். அருகிருந்த ஆசிரியை, "எம். எல். வசந்தகுமாரி அம்மா பாடினதுங்க," என்றார். பக்கத்தில் நின்ற பெரியவர் ஒருவரோ, "அது பழைய கர்நாடக மெட்டு, பரம்பரையாக வருவது," என்று தீர்ப்பே அளித்துவிட்டார்.

சொல் பாரதியாருடையது என்பது மெய். பாடிப் பரப்பியவர் வசந்தகுமாரி என்பதும் மெய். மெட்டு பரம்பரையாக வந்தது என்பதுதான் பொய். அம்மெட்டுக்குப் பிறந்த ஆண்டு உண்டு. பெற்றெடுத்த தகப்பனும் உண்டு. 1951ஆம் ஆண்டில் என். எஸ். கிருஷ்ணன் இயக்கிய 'மணமகள்' என்னும் படத்துக்காக அதை அமைத்தவர் சி. ஆர். சுப்பராமன். அடுத்த ஆண்டே அவர் மறைந்தார். அப்போது அவருக்கு வயது இருபத்தெட்டு.

பாட்டு நம் வாயில் இருக்கிறது. பாட்டைக் கட்டியவன் பெயர் நம் நாவில் இல்லை. மரத்தைக் கீறிப் பால் எடுத்தவன் பெயர் ரப்பர்ப் பொருளின் மேல் எங்கும் எழுதப்படுவதில்லை என்பதைத் தலைமுறை தலைமுறையாகக் கண்டு வருந்திய தோட்டத்துத் தமிழருக்கு, இந்த அநீதியை நாம் விளக்கவும் வேண்டுமோ? ஆதலின் இவ்வாரம் சுப்பராமன் என்னும் இசைத் தொழிலாளியின் பணியை எடுத்து ஆராய முற்படுகிறோம். புகழ்மாலை சூட்டுவது நமது நோக்கமன்று. அவர் செய்தது யாது, செய்யாது விட்டது யாது, அவர் பெயர் மறைந்தது ஏன் என்பனவே நமது கேள்விகள்.

சுப்பராமன் 1924இல் திருநெல்வேலிச் சீமையைச் சேர்ந்த சிந்தாமணி என்னும் ஊரில் பிறந்தவர். வீட்டு மொழி தெலுங்கு. கற்றது கர்நாடக இசை. கைவந்த கருவி ஆர்மோனியம். பதினாறு வயதளவில் நாய் முத்திரை பதித்த எச். எம். வி. இசைத்தட்டுக் கம்பெனியில் ஆர்மோனியம் வாசிக்கும் வேலையில் அமர்ந்தார். 1943இல் வெளிவந்த 'செஞ்சு லட்சுமி' என்னும் தெலுங்குப் படத்தில் அவர் கை சினிமாவில் பதியத் தொடங்கிற்று. அன்று முதல் 1952 வரை ஒன்பதே ஆண்டுகள். அந்த ஒன்பது ஆண்டுகளுள் தமிழிலும் தெலுங்கிலும் அவர் இசையமைத்த படங்கள் பல; 'ரத்னமாலா', 'மோகினி', 'லைலா மஜ்னு', 'வேலைக்காரி', 'நல்லதம்பி', 'மணமகள்' ஆகியன அவற்றுட் சில. வேறொருவர் தொழிலைக் கற்றுத் தெளிவதற்கே போதாத காலத்தில் இவர் ஒரு வாழ்நாள் வேலையைச் செய்து முடித்தார்.

அவர் எச். எம். வி. கம்பெனியில் தொடங்கியதைச் சாதாரணச் செய்தியாகக் கருதலாகாது. கச்சேரி மேடையில் வித்துவான் ஓர் இராகத்தை அரை மணி நேரம் விரித்துரைக்கலாம். இசைத்தட்டிலோ, ஒரு பக்கத்துக்கு மூன்று நிமிடம், மிஞ்சினால் மூன்றரை நிமிடமே இடம். அதற்குள் முன்னிசை, பல்லவி, இடையிசை, சரணம் யாவும் அடங்க வேண்டும். கேட்டவன் மறுபடியும் கேட்க ஆசைப்படவும் வேண்டும். ஆலாபனையில் அலைந்து திரிந்து கண்டுபிடிக்க அவகாசமில்லை. இராகத்தின் முகத்தை முதல் நான்கு சுரங்களிலேயே காட்டியாக வேண்டும். சுப்பராமன் கற்ற பள்ளிக்கூடம் இதுதான். அவர் மெட்டுகளிற் காணும் சிக்கனம் அங்கே பயின்றது என்பது நமது துணிபு.

அக்காலத்துத் தமிழ்ப் பட இசை இருந்த நிலையையும் வாசகர் அறிதல் வேண்டும். 1930களில் வந்த பேசும் படங்களிற் பாட்டுகள் இருபது, முப்பது என்று கணக்கின்றி இருந்தன. நடிகரே காமிராவின் முன் நின்று பாட வேண்டும்; ஆதலின் பாடத் தெரிந்தவரே கதாநாயகர். மெட்டுகளோ, நாடக மேடையிலிருந்தும், கீர்த்தனைகளிலிருந்தும், வடக்கத்திப் பாட்டுகளிலிருந்தும் எடுத்துச் சொல் மட்டும் மாற்றி நிரப்பியவை பல. 1940களின் பிற்பகுதியில் பின்னணிப் பாடல் முறை வேரூன்றிற்று. நடிப்பவர் ஒருவர், பாடுபவர் மற்றொருவர் என்றானபின், குரலையும் காட்சியையும் வாத்தியக் குழுவையும் ஒன்றாக இணைக்கும் பொறுப்பு இசையமைப்பாளர் தலையில் விழுந்தது. புதிய தொழில் ஒன்று பிறந்த அந்தக் கட்டத்தில் அதை உருவாக்கியவர்களுள் ஜி. இராமநாதன், எஸ். வி. வெங்கட்ராமன், எஸ். எம். சுப்பையா நாயுடு ஆகியோரோடு வைத்து எண்ணத் தக்கவர் சுப்பராமன்.

இனி அவரது பணிக்குள் நுழைவோம். 1944ஆம் ஆண்டின் இறுதியில், லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் கைதாயினர். தமிழ்ச் சினிமாவின் பெரும் பாடகரும் பெரும் நகைச்சுவையாளரும் ஒரே வழக்கில் சிறைப்பட்டு, 1947இல் விடுதலை பெற்றனர். வெளியே வந்த பாகவதர் எடுத்த படம் 'ராஜமுக்தி' (1948). கிருஷ்ணன் சிறையிலிருந்தபோது அவரது கம்பெனி தொடங்கிய படம் 'பைத்தியக்காரன்' (1947). விதவை மறுமணத்தைப் பேசிய படம் அது. இரண்டிலும் இசைப் பொறுப்பில் சுப்பராமன் இருந்தார்; பின்னதில் எம். எஸ். ஞானமணியும் உடனிருந்தார்.

இவ்விரண்டு படங்களையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் ஒரு காலத்தின் முடிவும் மற்றொன்றின் தொடக்கமும் கண்ணுக்குத் தெரியும். 'ராஜமுக்தி' பழைய உலகம். அரசர், அரண்மனை, நீண்ட பாட்டு, பாகவதரின் உயர்ந்த சாரீரம். அப்படம் தோல்வியுற்றது, பாகவதரின் பொற்காலம் அதோடு சாய்ந்தது. ஆயினும் எம். எல். வசந்தகுமாரி பின்னணி பாடத் தொடங்கியது அந்தப் படத்திலேதான். 'பைத்தியக்காரன்' புதிய உலகம். குடும்பம், கைம்மை, கிழவனுக்கு வாழ்க்கைப்படும் இளம்பெண். ஒரே கை இரண்டு உலகுக்கும் மெட்டு அமைத்தது. பழையதைக் கற்றவரே புதியதைத் திறமையாகச் செய்ய முடியும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுவதில்லை.

1949இல் அறிஞர் அண்ணாவின் 'வேலைக்காரி' திரைக்கு வந்தது. ஜூபிடர் பிக்சர்ஸ் தயாரிப்பு; ஏ. எஸ். ஏ. சாமி இயக்கம், இசை சுப்பையா நாயுடுவும் சுப்பராமனும். சீர்திருத்த அன்பர்கள் இப்படத்தைக் கொண்டாடுவதில் வியப்பில்லை. ஆனால் இசை ஆராய்ச்சியில் அபிமானத்துக்கு இடம் கொடுத்தலாகாது. 'வேலைக்காரி'யின் வலிமை வசனத்திலே இருக்கிறது. கே. ஆர். இராமசாமி பேசத் தொடங்கினால் கொட்டகை நிமிர்ந்து உட்காரும். பாட்டு வந்தால் சற்றே சாய்ந்து கொள்ளும். பாட்டுகள் இனியனவே, எனினும் கதையின் நெருப்பு அவற்றுட் புகவில்லை. கருத்து முன்னே போயிற்று. மெட்டு பழைய பாதையில் பின்னே வந்தது. இருவர் சேர்ந்து அமைத்த இசையாதலின் குறையையும் நிறையையும் ஒருவர் மேல் மட்டும் சார்த்துதல் முறையன்று. பொதுவாகச் சொல்லின், சீர்திருத்தப் படங்கள் பல இசையைச் சீர்திருத்த மறந்தன என்போம்.

அக்குறை அதே ஆண்டில், அதே சுப்பராமன் கையில், வேறொரு படத்தில் நீங்கிற்று. கிருஷ்ணன்–பஞ்சு இயக்கத்தில், என். எஸ். கிருஷ்ணனும் பானுமதியும் நடித்த 'நல்லதம்பி'யைத்தான் குறிப்பிடுகிறோம். அதற்கும் கதை வசனம் அண்ணாவுடையதே. அதில் வரும் 'கிந்தனார்' காலட்சேபத்தை அறியாத தமிழர் ஒரு காலத்தில் இல்லை. நந்தனார் சரித்திரக் காலட்சேபத்தைக் கேலிக் கண்ணாடியில் காட்டும் கதை அது. நந்தன் சிதம்பரம் போக ஏங்கினான். கிந்தனோ கல்வி கற்க ஏங்குகிறான். ரயிலேறிப் பட்டணம் சென்று, படித்துத் தேறி, கல்வி அதிகாரியாக ஊர் திரும்புகிறான். சொற்கள் உடுமலை நாராயண கவியின் கைவண்ணம்.

இதில் இசையின் பங்கு யாது? கேலி செய்வது எளிது. காலட்சேபத்தைக் கோமாளிக் கூச்சலாக்கி விட்டால் சபை சிரித்துவிட்டுப் போகும், அவ்வளவே. 'கிந்தனார்' அப்படிச் செய்யவில்லை. பாகவதர் நிற்கும் நிலை, பின்பாட்டு, ஆர்மோனியம், மிருதங்கம், வசனத்திலிருந்து பாட்டுக்கு நழுவும் பாங்கு யாவும் மெய்யான காலட்சேபத்துக்குரியனவே. இசையில் கேலி இல்லை. அதனாற்றான் கதையிலுள்ள கேலி உறைக்கிறது. கோயில் மண்டபத்திலும் சபா மேடையிலும் ஒரு சிலர் கைக்கொண்டிருந்த கலை வடிவம், சேரிப் பிள்ளையின் படிப்பைப் பாட வந்து நிற்கிறது. வடிவத்தை உடைக்காமலே அதன் உரிமையை மாற்றிய வேலை அது. 'வேலைக்காரி'யில் இசை கருத்தோடு சேரவில்லை என்றோம். இங்கே இசைதான் கருத்து!

மலாக்கா வாசகர்க்கு இவ்விடத்தில் ஒரு நினைவு எழாமற் போகாது. கிந்தனுக்கு ரயில் விடுதலையின் வாகனம். நமக்கோ? தம்பினிலிருந்து மலாக்கா நகருக்கு ஓடிய கிளை இருப்புப் பாதையை ஜப்பானியர் தமது ஆட்சிக் காலத்தில் பெயர்த்து, சயாம்–பர்மா மரண ரயிலுக்குக் கொண்டு சென்றனர். தண்டவாளத்தைக் கொண்டு சென்றவர்கள் தோட்டத்துத் தமிழரையும் விடவில்லை. பல்லாயிரவர் சென்றனர், மீண்டவர் சிலர். அந்தத் துயரம் ஆறுமுன்னே, அவசரகாலச் சட்டம் 1948இல் மலாயாவின் மேல் கவிந்தது. அத்தகைய ஆண்டுகளில், திடலிலே வெள்ளைத் திரை கட்டிக் காட்டப்பட்ட படங்களும், கிராணியார் வீட்டுக் கிராமபோனும், வானொலியின் தமிழ்ப் பகுதியுமே லயத்து மக்களுக்கு வாய்த்த சபாக்கள். ரயிலேறிப் படிக்கப் போகும் ஒரு பிள்ளையின் கதை, ரயிலேறிப் போனவரை இழந்த மக்கள் காதில் விழுந்தபோது என்ன பொருள் தந்திருக்கும்! கதையில் சிரிப்பு இருந்தது. கேட்டவர் நெஞ்சில் சிரிப்பு மட்டும் இருந்திருக்க முடியாது.

இனி 'சின்னஞ்சிறு கிளியே'. பாரதியார் கண்ணன் பாட்டு நூலில் இதற்குப் பைரவி இராகம், ரூபக தாளம் என்று தாமே குறித்துள்ளார். சுப்பராமனோ அதை இராகமாலிகையாக்கினார். காபியில் தொடங்கி, மாண்டு, வசந்தா, திலங், நீலமணி முதலிய இராகங்களைக் கோத்தார். கவிஞன் ஓர் இராகம் குறித்திருக்க, மெட்டமைப்பவன் பலவற்றைச் சூட்டலாமோ என்று கேட்பார் உளர். கேள்வி நியாயமானதே. தாய் ஒருத்தி குழந்தையைப் பார்க்கும் பார்வை அப்பாட்டில் அடிக்கு அடி மாறுகிறது. பெருமை, விளையாட்டு, உச்சி குளிரும் மகிழ்ச்சி, குழந்தையின் கண்ணீர் கண்டு பதைக்கும் பதைப்பு என்று வரிசையாக வருகிறது. பைரவி இவை யாவற்றையும் கம்பீரமாகத் தாங்கும். ஆனால் தாலாட்டின் எளிமை அதற்கு ஒட்டாது. சுப்பராமன் எடுத்தவை பெரும்பாலும் எளிய, மெல்லிய இராகங்கள். கற்றவர் மட்டும் ஆளும் கன இராகங்களை அவர் தேடவில்லை. அடுப்படியில் நிற்கும் தாயும் முணுமுணுக்கத் தக்கவற்றைத் தேடினார். ஓர் இராகத்திலிருந்து மற்றொன்றுக்கு மாறும் இடம் கேட்பவர்க்கு இடறுவதில்லை. குழந்தை மடியிலிருந்து தோளுக்கு மாறுவது போன்று மாறுகிறது. கவிஞன் குறிப்பை மீறினார். கவிதையை மீறவில்லை என்பதே நமது முடிபு.

ஜாசின் பெரியவர் அதைப் "பரம்பரை மெட்டு" என்றது அறியாமையாலன்று. அம்மெட்டு அத்தனை இயல்பாக அமைந்துவிட்டது. அதுவே அதற்கு வாய்த்த பெருமை. அதை அமைத்தவனுக்கு வாய்த்த தீவினையும் அதுவே.

இங்கேதான் இசையுலகின் சாதிப் பாகுபாட்டைப் பேச வேண்டியிருக்கிறது. தமிழிசை இயக்கம் எழுந்து, 1943இல் சென்னையில் தமிழ் இசைச் சங்கம் நிறுவப்பட்ட காலத்தில், மேடைக்குத் தக்க தமிழ்ப் பாட்டு ஏது என்று கேட்ட வித்துவான்கள் இருந்தனர். எட்டே ஆண்டுகளில் சினிமாவுக்காகப் பிறந்த ஒரு தமிழ்ப் பாட்டு அதே மேடையில் ஏறிற்று. வசந்தகுமாரியே கச்சேரிகளில் பாடினார். இன்றும் பாடுவோர் பலர். ஆனால் ஏறிய இடம் எது? கச்சேரி முடியும் தறுவாயில் பாடப்படும் துக்கடா! தொடக்கத்திற் பாடும் கீர்த்தனைக்கு இராகம், தாளம், இயற்றியவர் பெயர் யாவும் பக்தியோடு அறிவிக்கப்படும். துக்கடாவுக்குப் "பாரதியார் பாடல், இராகமாலிகை" என்பதோடு அறிவிப்பு முடியும். இராகங்களை மாலையாகக் கட்டிய கை எது என்று சொல்லுவாரில்லை. சினிமாவிலிருந்து வந்தது என்று சொன்னால் பாட்டின் குலம் தாழ்ந்துவிடும் போலும்! பாட்டை உள்ளே விட்டு, பாட்டின் தகப்பனை வாசலில் நிறுத்தும் இவ்வழக்கத்துக்கு நாம் வேறு என்ன பெயர் இடுவது? சுப்பராமன் மறைந்த அதே 1952இல், அகில இந்திய வானொலியும் அமைச்சர் கேஸ்கரின் கொள்கையால் சினிமாப் பாட்டுகளைத் தன் வாசலில் நிறுத்திற்று. மக்கள் இலங்கை வானொலியைத் திருப்பிக் கேட்டனர் என்பது யாவரும் அறிந்த கதை.

இந்நிலை தமிழ்நாட்டுக்கு மட்டும் உரியதென்று எண்ண வேண்டா. ஜெர்மானிய மொழி பேசும் நாடுகளிற் பிறந்து பெரும் பயிற்சி பெற்ற இசைவாணர் பலர், ஹிட்லரின் கொடுமைக்குத் தப்பி அமெரிக்காவில் சினிமா இசை அமைத்துப் பிழைத்தனர். அவர்களுள் ஒருவர் ஹான்ஸ் ஐஸ்லர். தொழிலாளருக்குப் பாட்டுக் கட்டியவர். 1932இல் பெர்லின் வேலையில்லாதோர் வாழ்வைக் காட்டிய 'கூலே வாம்பே' என்னும் படத்துக்கு இசையமைத்தவர். அவர் 1947இல் சினிமா இசை பற்றி ஒரு நூல் வெளியிட்டார். படம் முழுதும் முடிந்தபின் கடைசியில் அழைக்கப்படும் கூலியாளாகவே முதலாளிகள் இசைவாணனை நடத்துகின்றனர் என்பது அந்நூலின் முறையீடுகளுள் ஒன்று. தத்துவ அறிஞர் அடோர்னோவும் சேர்ந்து எழுதிய அந்நூல் முதலில் ஐஸ்லர் பெயரில் மட்டுமே வெளிவந்தது. அரசியல் நெருக்கடிக்கு அஞ்சி அடோர்னோ தம் பெயரை விலக்கிக் கொண்டார். அடுத்த ஆண்டே ஐஸ்லர் அமெரிக்காவை விட்டு வெளியேற நேர்ந்தது. ஆயினும் ஐஸ்லரின் இசைக் கையெழுத்துப் படிகள் காக்கப்பட்டன. அவர் எழுதியதைப் பிறர் படித்து வாதாடுகின்றனர். நமது சுப்பராமன் நூல் எழுதவில்லை. அவர் இசையை நாடி அறிய நமக்குப் படச் சுருளும் இசைத்தட்டும் மட்டுமே உள்ளன. தட்டு உடைந்தால் சான்றும் உடைந்தது!

1952 ஜூன் 27ஆம் நாள் சுப்பராமன் மறைந்தார். அவர் பங்காளராயிருந்த வினோதா பிக்சர்ஸின் 'தேவதாஸ்' முடியவில்லை, பானுமதி இயக்கிய 'சண்டிராணி' முடியவில்லை, 'மருமகள்' முடியவில்லை. எஞ்சிய வேலையை முடித்தவர்கள் அவர் குழுவிலிருந்த இருவர்: வயலின் வாசித்த டி. கே. இராமமூர்த்தி; ஆர்மோனியம் வாசித்த எம். எஸ். விசுவநாதன். 'தேவதாஸ்' 1953இல், ஆசிரியர் மறைந்து ஏறத்தாழ ஓராண்டு கழித்து வெளிவந்து, தென்னாடெங்கும் பாடப்பட்டது. அவ்விருவரும் அதற்குள் 'பணம்' (1952) படத்தில் இரட்டையராகப் பெயர் பெற்றுவிட்டனர். அப்படத்தை இயக்கியவரும் என். எஸ். கிருஷ்ணனே. 1965 வரை இரட்டையர் செய்த பணியைத் தமிழுலகம் மெல்லிசையின் பொற்காலம் என்கிறது. சுப்பராமனின் தம்பியோ பிற்காலத்தில் 'சங்கர்–கணேஷ்' என்னும் இரட்டையருள் சங்கராக விளங்கினார். ஆக, இருபத்தெட்டு வயதில் அணைந்த விளக்கிலிருந்து ஏற்றப்பட்ட விளக்குகள் அடுத்த தலைமுறைக்கு ஒளி தந்தன.

ஆனால் ஒளியைப் புகழும் நாம் ஒன்று செய்கிறோம். விசுவநாதன்–இராமமூர்த்தியிலிருந்தே மெல்லிசையின் வரலாற்றைத் தொடங்குகிறோம். கச்சேரி இராகத்தை மூன்று நிமிடப் பாட்டாகச் சுருக்கும் வித்தை, சொல் தெளிவாகக் கேட்கும்படி வாத்தியத்தை அடக்கும் பண்பு, குரலுக்கு ஏற்ப மெட்டை வளைக்கும் நுட்பம் ஆகிய இவற்றைச் சீடர்கள் எங்கே கண்டனர்? சுப்பராமனின் ஒத்திகைக் கூடத்திலன்றோ! சீடர்கள் குருவை மறக்கவில்லை. கேட்ட நாம்தான் மறந்தோம்.

சுப்பராமனிடம் குறைகளே இல்லை என்று நாம் சாதிக்கவில்லை. அவசரத் தொழிலில் அவசர வேலையும் நேர்ந்தது. ஒரே ஆண்டில் பல படங்களை ஏற்றபோது, சில பாட்டுகள் சூழ்நிலைக்காகவன்றிக் கணக்கை நிரப்புவதற்காகவே பிறந்தன என்பது கேட்போர்க்கு விளங்கும். இருவர் மூவர் சேர்ந்து இசையமைக்கும் கம்பெனி வழக்கத்தால் எது எவர் மெட்டு என்று பிரித்தறிய முடியாத இடங்களும் பல. வாழ்ந்திருந்தால் தமக்கே உரிய பாணியை இன்னும் தெளிவாக வரையறுத்திருப்பார். காலம் அதற்கு இடங்கொடுக்கவில்லை. எனினும் ஒரு கலைஞனை அவனது மிகச் சிறந்த வேலையைக் கொண்டே அளக்க வேண்டும் என்பது விமரிசன நெறி. 'கிந்தனார்' ஒரு பக்கம்; 'சின்னஞ்சிறு கிளியே' மறுபக்கம். ஒன்றில் தாழ்த்தப்பட்டவன் படிப்புக்கு உயர்ந்த மேடையின் வடிவம் கிடைத்தது. மற்றொன்றில் உயர்ந்த மேடையின் இராகங்கள் லயத்துத் தாயின் நாவுக்கு எட்டின. இவ்விரண்டு திசையிலும் பாதை வெட்டியவர் அக்காலத்தில் எத்தனை பேர்?

மலாக்கா வாசகர்க்கு இறுதியாக ஒரு சொல். நமது தோட்டங்கள் துண்டாடப்பட்டன. ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. செம்பனை நின்ற இடங்களிலும் வீடமைப்புப் பகுதிகள் எழுகின்றன. லயத்து வீடுகள் இடிபடும்போது பழைய பெட்டிகளும், அவற்றினுள் இருந்த இசைத்தட்டுகளும் குப்பைக்குப் போகின்றன. அத்தட்டின் நடுவிலுள்ள சிறு வட்டக் காகிதத்தில் படத்தின் பெயர், பாடியவர் பெயர், சில வேளை இசையமைத்தவர் பெயர் அச்சிட்டிருக்கும். எறியுமுன் அதைப் படியுங்கள். ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். பாட்டனும் பாட்டியும் இருக்கும் வீடுகளில், எந்தப் பாட்டை எந்தத் திடலில் கேட்டனர் என்று வினவி அதையும் எழுதுங்கள். நமது இசைக் கேள்வியின் வரலாற்றை நாமே எழுதாவிடின் வேறு எவரும் எழுத வரப் போவதில்லை.

தமிழ்ப் பள்ளி ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். பிள்ளைகளை மேடையேற்றும்போது மூன்று பெயர்களைச் சொல்லக் கற்றுக் கொடுங்கள்: பாட்டு எழுதியவர், மெட்டு அமைத்தவர், பாடியவர். மூன்று பெயர்களைச் சொல்ல அரை நிமிடம் ஆகாது. திருமண மண்டபத்திலும், கோயில் திருவிழாவிலும், சங்கக் கூட்டத்திலும் இவ்வழக்கம் பரவட்டும். உழைத்தவன் பெயரைச் சொல்லுதல் அவனுக்குக் கூலி கொடுத்தலில் ஒரு பகுதியே என்பதை உழைக்கும் மக்களாகிய நாம் உணராமல் வேறு யார் உணரப் போகிறார்கள்?

அந்த ஜாசின் சிறுமியிடம் விடைபெறும்போது பெயரைச் சொல்லிக் கொடுத்தோம். "சி. ஆர். சுப்பராமன்," என்று இருமுறை சொல்லிப் பார்த்தாள். பின்பு, "அவர் இருக்காருங்களா, ஐயா?" என்று கேட்டாள். "நீ பாடினாயே, அம்மா, அதிலே இருக்கிறார்," என்றோம்.